கேட்டுப் போன தடம்

ஆவணி மாதம் பதினேழாம் தேதி, செவ்வாய்க்கிழமை, காலை ஆறு மணி நாற்பது நிமிடம். நேரத்தை நான் ஊகித்து எழுதவில்லை. பால் சொசைட்டி வண்டி ஆறு ஐம்பதுக்குத் தார்ச்சாலையில் வந்து நிற்கும். ஆறு நாற்பதுக்கு அம்மா கேனைத் தூக்கிக்கொண்டு வாசலைத் தாண்டுவார். அன்று தாண்டியவர், நான் தலைசீவி முடிக்கும் முன்பே திரும்பிவிட்டார். கேனின் மூடியருகே பால் தளும்பி வழிந்து, புடவைக் கொசுவம் ஒரு கையகலம் நனைந்திருந்தது. அம்மா பால் சிந்தி நான் அதுவரை பார்த்ததில்லை.

"தடத்துல கல்லுக்கால் நட்டு கம்பி கட்டிக்கிட்டு இருக்கறாங்க. அப்பனக் கூப்புடு."

நான் அப்போது பன்னிரண்டாம் வகுப்பில் இருந்தேன். இப்போது சேலத்தில் முதுகலைத் தமிழ் இறுதியாண்டு. இந்தத் தொடரில் இதுவரை என் பள்ளியைப் பற்றியும் விடுதியைப் பற்றியும் எழுதிவந்தேன். இந்த வாரம் எழுதுவது, என் எழுத்து செய்த ஒரு காரியத்தைப் பற்றி.

அப்பா துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு விரைந்தார். நான் பின்னால் போனேன். தார்ச்சாலையை ஒட்டி இருப்பது செங்கோடன் மாமாவின் வீடு. இரத்த உறவில்லை; ஊர் முறைக்கு மாமா. அவருடைய தென்னந்தோப்பின் ஓரமாக ஓடும் மண்பாதைதான் தடம். அதன் கடைசியில் எங்கள் வீடும் நிலமும். தடத்தின் தலைப்பில் நான்கு கல்லுக்கால்கள் புதிதாக நின்றன. ஐந்தாவதற்குக் குழி தோண்டிக்கொண்டிருந்தார்கள். தோண்டிய செம்மண் ஈரமாக இருந்தது.

"என்னுங்க மாமா இது?" என்றார் அப்பா.

"பையன் பண்றது சின்னு" என்றார் மாமா. அப்பாவை அவர் அப்படித்தான் கூப்பிடுவார். கயிற்றுக் கட்டிலில் உட்கார்ந்திருந்தார். அப்பாவைப் பார்க்கவில்லை. "ரிக்கு வண்டி ரெண்டு, கம்ப்ரசர் ஒண்ணு. நிறுத்த எடம் வேணும்ங்கறான். சர்வேயரக் கூட்டியாந்து அளந்துட்டோம். தடம் பூராவும் எங்க பட்டாவுலதான் இருக்குது."

"பட்டா உங்களுதுதானுங்க. நான் எப்ப இல்லேன்னேன்? போகவர உடோணுமில்லீங்க?"

"அக்கட்டால ஓடக்கரையில போயிக்கலாமல்லோ."

"ஓடக்கரையில ஆளு போலாமுங்க. கெழங்கு வண்டி போகுமுங்களா?"

மாமாவின் மகன் குமரேசன் வெளிமாநிலங்களில் ஆழ்குழாய்க் கிணறு தோண்டும் லாரிகள் வைத்திருப்பவர். கைப்பேசியிலிருந்து கண்ணை எடுக்காமலே சொன்னார்: "அதுக்கு நாங்க என்னுங்கண்ணா பண்றது? ஹெலிகாப்டர் சொல்லுங்க."

குழி தோண்டியவர்களில் ஒருவர் சிரித்தார். அப்பாவும் சிரிக்க முயன்றார். அந்த முயற்சியை நான் பார்த்திருக்க வேண்டியதில்லை.

ஒரு டிராக்டர் அகலம்

எங்களுக்கு இருப்பது ஒன்றே முக்கால் ஏக்கர். அதில் குச்சிக்கிழங்கு, அதாவது மரவள்ளி, போடுகிறோம். பத்தாவது மாதம் பிடுங்கி, டிராக்டரில் ஏற்றி, ஜவ்வரிசி செய்யும் சேகோ ஆலைக்கு அனுப்ப வேண்டும். பிடுங்கிய கிழங்கு இரண்டு நாளில் கறுத்துவிடும். தலைச்சுமையாக ஓடைக்கரையில் கொண்டுபோய்ச் சேர்க்கலாம் என்று சொல்பவர்கள் கிழங்கு மூட்டையைத் தூக்கிப் பார்த்ததில்லை.

வண்டி போகாத நிலத்தை யாரும் வாங்கவும் மாட்டார்கள். வாங்கக்கூடியவர் ஒருவர்தான்: தடத்தை வைத்திருப்பவர். அவர் சொன்னதே விலை. ஆகவே, தடம் போனால் பூமி போனது. இதைப் பதினேழு வயதில் ஒருவரும் எனக்கு விளக்கவில்லை. அன்று அம்மா அந்தப் பாலை யாருக்கும் ஊற்றாமல் நாள் முழுவதும் அடுப்படியில் வைத்திருந்ததிலிருந்து விளங்கிக்கொண்டேன்.

அந்தத் தடத்தில் போவதற்கு ஒரு முறை இருந்தது. இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும்; வழக்கே இதில்தான் நிற்கிறது.

அப்பா மாமாவின் வாசலை ஒருநாளும் பேசாமல் கடந்ததில்லை. காலையில் போகும்போது, "போயிட்டு வாரனுங்க மாமா." பொழுதோடு திரும்பும்போது, "வந்துட்டனுங்க." மொபெட்டில் போனால் வாசலருகே என்ஜினை அணைத்துவிட்டு உருட்டிக்கொண்டு போவார்; கன்றுக்குட்டி மிரளும் என்பார். கிழங்கு வெட்டுக்கு முதல் நாள் தனியாகப் போய்ச் சொல்வார்.

"நாளைக்கு வண்டி வருதுங்க மாமா. வரட்டுங்களா?"

"அதென்ன கேள்வி, வரட்டும். தென்னம்புள்ளையில மட்டும் இடிக்காம ஓட்டச் சொல்லு. போன தடவ ஓட்டுனவன் கண்ண ஊட்டுல வெச்சுட்டு வந்துட்டான்."

மாமாவின் மனைவி பாவாயி அத்தை சமையலறை சன்னலிலிருந்து குரல் கொடுப்பார்: "ஏனுங்க தம்பி, வண்டி நாளைக்குத்தான வருது, ஒரு வாய் காப்பி இன்னிக்கே குடிக்கலாமல்லோ?"

சில ஆண்டுகளில் அப்பா கேட்பதும் மாமா சொல்வதும் ஒரே நேரத்தில் நடக்கும். கேள்வி முடியும் முன்பே விடை வந்துவிடும்.

விடுநர், பெறுநர்

கல்லுக்கால் நட்ட மூன்றாம் நாள், வட்டாட்சியருக்கு மனு கொடுக்கலாம் என்று ஊரில் சொன்னார்கள். மனு எழுதுபவர் தாலுகா அலுவலக வாசலில் இருப்பார். அப்பா அவரிடம் போகவில்லை.

"எம்புள்ள இருக்கறப்ப எவங்கிட்டயோ போயி எழுதோணுமா?"

தமிழில் நான் பள்ளியில் முதலாவது. விடுநர், பெறுநர், பொருள் என்று வரிசையாக எழுதினேன். நான்கு முறை படி எடுத்தேன். அண்டை வீட்டாரைப் பழித்து எழுதுவது தரக்குறைவு என்று எனக்குத் தோன்றியது. மாமாவின் மனம் புண்படாமல், அதே நேரம் எங்கள் நியாயமும் விளங்க வேண்டும் என்று நினைத்தேன். அப்படி எழுதிய வாக்கியம் இது:

"எங்கள் அண்டை நிலத்தார் திரு. செங்கோடன் அவர்களின் பெருந்தன்மையாலும் அன்பான அனுமதியாலும், இத்தடத்தை நாங்கள் முப்பது ஆண்டுகளாகப் பயன்படுத்தி வருகிறோம் என்பதை நன்றியுடன் தெரிவித்துக்கொள்கிறோம்."

முதல் படியில் 'ஒப்புதல்' என்று இருந்தது. 'அன்பான' என்ற சொல்லுக்குப் பின்னால் அது ஓசையில் ஒட்டவில்லை. அடித்துவிட்டு 'அனுமதி' என்று எழுதினேன். மோனை அமைந்தது. எனக்கு மகிழ்ச்சியாக இருந்தது.

அப்பா அதைச் சத்தமாகப் படித்தார். அந்த வாக்கியத்துக்கு வந்ததும் நிறுத்தி, அம்மாவைக் கூப்பிட்டு, மறுபடி படித்துக் காட்டினார். பிறகு ஒவ்வோர் எழுத்தாகத் தம் கையெழுத்தை இட்டார்.

வட்டாட்சியர் அலுவலகத்தில் இரு தரப்பையும் அழைத்துப் பேசினார்கள். குமரேசன் பட்டாவைக் காட்டினார். "சிவில் கோர்ட்டுக்குப் போங்க" என்று அனுப்பிவிட்டார்கள்.

"அதான்"

எங்கள் வழக்கறிஞர் நடுவயதுப் பெண்மணி. வழக்குப் போட்டதும், தீர்ப்பு வரும்வரை தடத்தை மறிக்கக் கூடாது என்று தடையுத்தரவு வாங்கிக் கொடுத்தார். இரண்டு கல்லுக்கால்களைப் பிடுங்கி வழிவிட்டார்கள். அதன் பிறகு வாய்தா, கொரோனாவில் நீதிமன்றம் மூடல், மறுபடி வாய்தா. நான் கல்லூரியில் சேர்ந்து இரண்டாம் ஆண்டுக்கு வந்துவிட்டேன்.

ஒருநாள் வழக்கறிஞர் அப்பாவை வரச் சொன்னார். விடுமுறையில் இருந்ததால் நானும் போனேன். மேசைமேல் ஒரு நகல் கிடந்தது. எதிர்த்தரப்பினர் தகவல் உரிமைச் சட்டத்தில் விண்ணப்பித்து வாங்கி, நீதிமன்றத்தில் தாக்கல் செய்தது. வட்டாட்சியருக்கு நான் எழுதிய மனு. நான் எழுதிய வாக்கியத்தின் கீழ் யாரோ சிவப்பு மையில் கோடு போட்டிருந்தார்கள்.

"இத யாருங்க எழுதுனது?"

"நானுங்க" என்றேன்.

"என்ன படிக்கற?"

"பி.ஏ. தமிழுங்க."

"அதான்" என்றார்.

பிறகு அப்பாவின் பக்கம் திரும்பிப் பொறுமையாக விளக்கினார். ஒருவர் நிலத்தில் இன்னொருவர் இருபது ஆண்டுக்கு மேல், தடையில்லாமல், தம் உரிமையாக நினைத்து நடந்திருந்தால் அது உரிமையாகிவிடும். அந்தச் சட்டத்தை நம்பித்தான் வழக்குப் போட்டிருந்தார். ஆனால் நிலத்துக்காரரைக் கேட்டு, அவர் சரி என்று சொல்லி நடந்திருந்தால், நூறு ஆண்டு நடந்தாலும் அது அனுமதி. கொடுத்தவர் எந்த நாளிலும் அதைத் திரும்ப எடுத்துக்கொள்ளலாம்.

"வேற வழியே இல்லாட்டி அவசியம்னு கேக்கலாம். உங்களுக்கு ஓடக்கரை இருக்குதே. ஆளு நடந்தாப் போதும்பாங்க."

அப்பாவுக்கு விளங்கவில்லை. "அப்ப சொல்லாமக் கொள்ளாம முரட்டுத்தனமாப் போயிருந்தா எங்குளுதுங்களா?"

"ஆமாங்க."

"மரியாதயாக் கேட்டுப் போனதுனால இல்லீங்களா?"

"ஆமாங்க."

அப்பா என்னைப் பார்த்தார். குற்றம் சாட்டும் பார்வை அன்று. படித்த பிள்ளை இதற்கு ஏதாவது மறுப்புச் சொல்லும் என்று காத்திருந்தார். நான் அந்தச் சிவப்புக் கோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கோடு 'அனுமதி'யில் மட்டும் இரட்டையாக இருந்தது.

'கேள்' என்ற வினைக்கு எங்கள் இலக்கண ஆசிரியர் ஒருமுறை ஒரு பாடவேளை முழுவதையும் கொடுத்தார். காதால் கேட்பது, வினவுவது, வேண்டுவது என மூன்றும் அதற்குள் அடங்கும். பெயர்ச்சொல்லாக நின்றால் பழந்தமிழில் உறவு என்றும் பொருள். அப்பா மாமாவைக் கேட்டது இவற்றில் எது என்று எந்த அகராதியிலும் பார்த்து எழுதியிருக்க முடியாது. பார்க்க வேண்டும் என்றுகூட நான் நினைக்கவில்லை. மோனையைத்தான் பார்த்தேன்.

பேசாமல் போனது

வழக்கறிஞர் ஒரு கட்டளை இட்டார். "இனிமேலுக்கு அவியகிட்ட எதும் கேக்காதீங்க. பேசாமப் போங்க, வாங்க."

அப்பா கீழ்ப்படிந்தார். மாமாவின் வாசலுக்கு இருபது அடி முன்பே தலையைக் குனிந்துகொள்வார். மொபெட் என்ஜினை அணைக்க மாட்டார். முதல் வாரம் கன்றுக்குட்டி ஒவ்வொரு முறையும் மிரண்டு கட்டுக்கயிற்றைச் சுற்றி ஓடியது. பிறகு பழகிவிட்டது.

பாவாயி அத்தை ஒரு நாள் சன்னலிலிருந்து கேட்டார்: "வாயில என்ன கொழுக்கட்டையா? வக்கீலு பீசோட பேச்சையும் சேத்து வாங்கிட்டாளாக்கும்?"

அப்பா நின்றார். திரும்பவில்லை. அடுத்த நொடி வண்டியை முறுக்கிக்கொண்டு போய்விட்டார். அன்று சாப்பிடும்போது, "அத்தைக்குக் கால் வீங்கியிருக்குது. சன்னல் கம்பியப் புடிச்சுக்கிட்டுத்தான் நிக்குது" என்றார். திரும்பிப் பார்க்காமல் அதை எப்படிப் பார்த்தார் என்று நான் கேட்கவில்லை.

அம்மா மட்டும் கொஞ்ச நாள் அத்தையிடம் கண்ணாலாவது பேசிக்கொண்டிருந்தார். அதுவும் நின்றது. ஒறம்பரை, அதாவது உறவினர், வீட்டுக் கல்யாணத்தில் இருவரும் அடுத்தடுத்த இலையில் உட்கார நேர்ந்தபோது, அத்தை தம் இலையை மடித்துவிட்டு எழுந்துகொண்டார். பாயசம் அப்போதுதான் ஊற்றியிருந்தார்கள்.

கூண்டில் அப்பா

சாட்சி சொல்லும் நாளுக்கு முந்தைய வாரம் முழுவதும் அப்பாவுக்குப் பாடம் நடந்தது. "கேட்டீங்களான்னா, 'கேக்கலீங்க, எங்க பாத்தியம், போனோம்'னு சொல்லோணும். மனு புள்ள அறியாம எழுதுனதுன்னுருங்க. மத்ததை நான் பாத்துக்கறேன்" என்றார் வழக்கறிஞர். அப்பா மாட்டில் பால் பீச்சிக்கொண்டே சொல்லிப் பார்ப்பார்: "கேக்கலீங்க, எங்க பாத்தியம், போனோம். கேக்கலீங்க, எங்க பாத்தியம், போனோம்." பால் செம்பில் விழும் தாளத்துக்கு அது சரியாக அமைந்தது.

நீதிமன்றத்தில் மாமா முதல் வரிசை பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். இளைத்திருந்தார். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் குரலை உயர்த்தவே இல்லை.

"செங்கோடன் உங்களுக்கு எத்தன வருசப் பழக்கமுங்க?"

"புத்தி தெரிஞ்ச நாளா."

"அவரு வாசல்ல உக்காந்திருப்பாரு. நீங்க அவர்கிட்ட ஒரு வார்த்த கேக்காமயே தடத்துல போயிருவீங்களா?"

அப்பாவின் உதடு அசைந்தது. கேக்கலீங்க என்று தொடங்கப் போகிறார் என்று நினைத்தேன். அவர் கண் பெஞ்சுக்குப் போனது.

"அதெப்படிங்க?" என்றார். "மனுசன் உக்காந்திருக்கறப்ப கேக்காமக் கொள்ளாமப் போறதுங்களா? மாடு போற மாதிரி?"

பின்வரிசையில் சிரிப்பு எழுந்தது. எங்கள் வழக்கறிஞர் வழக்குக் கோப்பை மூடினார்.

"கெழங்கு வண்டி வர்றப்பவும் கேப்பீங்க?"

"மொத நாளே போயிக் கேட்டுருவனுங்க."

"அவரு சரின்னு சொன்னாத்தான் வண்டி வரும்?"

"அவரு எப்பங்க இல்லேன்னிருக்கறாரு?"

நீதிபதி தட்டச்சரைப் பார்த்தார். தட்டச்சர் அடித்தார். மனுவின் நகலை அப்பாவிடம் நீட்டினார்கள்.

"இது உங்க மக எழுதுனதுங்களா?"

"ஆமாங்க." அப்பா அதைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "நல்லா எழுதியிருக்குதுங்க" என்றார்.

வெளியே வந்து பேருந்துக்கு நிற்கும்போது அவர் டீ வாங்கிக் கொடுத்தார். "பொய் சொல்றதுக்கு பயமில்ல கண்ணு. மாமன் மூஞ்சிக்கு நேரா, நான் மரியாத கெட்டவன்னு என்னய நானே சொல்லிக்கோணும்ங்கறாங்க. வாய் வரல." டீ ஆறி மேலே ஏடு கட்டியது. நான் குடித்தேன்.

மேற்கோள்

தை பிறந்து இரண்டாம் வாரம் தீர்ப்பு வந்தது. வழக்கு தள்ளுபடி. தடையுத்தரவும் அத்துடன் முடிந்தது.

நகலை நீதிமன்றத் தாழ்வாரத்தில் நின்று படித்தேன். பதினொன்றாம் பக்கத்தில் என் வாக்கியம் இருந்தது, மேற்கோள் குறிகளுக்குள், ஓர் எழுத்துப்பிழையும் இல்லாமல். அதன் கீழ், வாதியின் சொந்த மனுவே அவர் அனுமதியின் பேரில் நடந்ததை ஐயத்துக்கிடமின்றிக் காட்டுகிறது என்று எழுதியிருந்தது. நான் எழுதிய ஒன்றை இன்னொருவர் மேற்கோள் காட்டியது அதுவே முதல் முறை.

மேல்முறையீடு செய்யலாம் என்றார் வழக்கறிஞர். அது எத்தனை ஆண்டு என்று அவர் சொல்லவில்லை, நாங்களும் கேட்கவில்லை. வயலில் கிழங்கு பத்து மாதம் முடிந்து நின்றது. இன்னும் விட்டால் நார் பாய்ந்துவிடும். ஆலைக்காரர்கள் தொட மாட்டார்கள்.

நாங்கள் ஊர் திரும்பும் முன்பே தடத்தின் தலைப்பில் இரும்புக் கேட் வந்துவிட்டது. ஓடைக்கரையைச் சுற்றிக்கொண்டு வீட்டுக்குப் போனோம். கருவேலமுள் அப்பாவின் வேட்டியை இரண்டு இடத்தில் கிழித்தது.

விளக்கு வைக்கும் நேரத்தில் வேலிக்கு அந்தப் பக்கம் பாவாயி அத்தை வந்து நின்றார். ஐந்து ஆண்டில் முதல் முறையாக அம்மாவைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார்.

"மல்லிகா. எழுதிக் குடுத்தா இந்த ஒரு வெட்டுக்கு மட்டும் வண்டி உடறேங்கறான் பையன். வெறும் பேச்செல்லாம் ஆகாதாம். நானுஞ் சொல்லிப் பாத்துட்டேன் சாமி. எம்பேச்சு எங்க எடுபடுது?"

"என்னன்னு எழுதோணுமுங்கக்கா?"

"கேக்கற மாதிரி எழுதோணுமாம்."

அத்தை போன பிறகு அம்மா என்னைப் பார்த்தார். அப்பா கட்டுத்தறியில் வைக்கோலை உதறிக்கொண்டிருந்தார். கை நிற்கவில்லை.

"நான் கேக்க மாட்டேன்" என்றார்.

"அத்தன வருசமாக் கேட்டீங்களே" என்றார் அம்மா.

"அது வழியவா கேட்டேன்? 'வாரேன்'னு சொல்லிட்டுப் போறதுதான அது. நீயும் அந்த வக்கீலாட்டமே பேசு."

வைக்கோல் தூசி விளக்கு வெளிச்சத்தில் வெகுநேரம் அடங்காமல் இருந்தது. பிறகு அப்பா உள்ளே வந்து, என் நோட்டிலிருந்து ஒரு வெள்ளைத் தாளைக் கிழித்து, அதன் அடியில் ஒவ்வோர் எழுத்தாகத் தம் கையெழுத்தை இட்டார். மேலே வெற்றிடம். "நீ எழுதிக்க சாமி. எனக்குப் படிச்சுக் காட்ட வேண்டாம்" என்று சொல்லிவிட்டுப் படுக்கப் போனார்.

மறுநாள் காலை எழுந்ததும் அந்தத் தாளை நிரப்பினேன். ஒரே படிதான் எடுத்தேன். அடைமொழி எதுவும் சேர்க்கவில்லை. 'இந்த ஒரு வெட்டுக்கு மட்டும் டிராக்டர் போகவர அனுமதி கேட்டுக்கொள்கிறேன்' என்று எழுதி, ஓடைக்கரை வழியாகச் சுற்றிக்கொண்டு போய்க் கேட் முன் நின்றேன். குமரேசன் இரண்டு முறை படித்தார்.

"உரிமை ஏதும் இல்லைன்னு இதுல எங்க இருக்குது?"

எழுதுவதற்கு மேசை ஏதும் இல்லை. கல்லுக்காலில் தாளை வைத்து, 'கேட்டுக்கொள்கிறேன்' என்ற சொல்லுக்குப் பிறகு இடம் விட்டு, 'இத்தடத்தில் எங்களுக்கு எவ்வித உரிமையும் இல்லை' என்று எழுதினேன். கல் சொரசொரப்பாக இருந்ததால் பேனா இரண்டு இடத்தில் தாளைக் குத்தியது. அவர் கைப்பேசியில் அதைப் படம் எடுத்துக்கொண்டார்.

"கீழ சாட்சி ஒண்ணு வேணும். நீயே போடு, படிச்ச புள்ளதான."

அப்பாவின் கையெழுத்துக்கு இடப்பக்கம் 'சாட்சி' என்று எழுதி, அதற்கு நேராக என் பெயரை முழுமையாக எழுதினேன்.